டைட்டானிக்ல போன க்ளான்மயர் பையன் ஜெரமையா பர்க்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யாரு இந்த ஜெரமையா பர்க்?

அயர்லாந்துல கார்க் சிட்டிய ஒட்டி க்ளான்மயர்னு ஒரு ஊரு இருக்கு, அந்த ஊர்ப் பக்கத்து விவசாயக் குடும்பத்துப் பையன். வயசு 19. பாஸ்டனுக்குப் போய் பொழைச்சுக்கலாம்னு கிளம்பி 1912 ஏப்ரல் 11ஆம் தேதி கார்க் பக்கத்து குயின்ஸ்டவுன் துறைமுகத்துல டைட்டானிக்ல ஏறினான், மூணாங்கிளாஸ் டிக்கெட். 14ஆம் தேதி ராத்திரி கப்பல் பனிப்பாறைல இடிச்சு, விடியறதுக்கு முன்னாடி மூழ்கினப்போ போய்ச் சேர்ந்துட்டான்.

அந்தக் கப்பல்ல செத்தவங்க ஏறக்குறைய 1500 பேர், அதுல பாதிக்குப் பாதி பேரோட பேரு பயணிகள் லிஸ்ட்டத் தாண்டி எங்கயும் வராது. இவன் பேரு மட்டும் நூறு வருஷம் தாண்டியும் பேசப்படுறதுக்கு ஒரே காரணம், 1913ல கார்க் கடலோரமா ஒதுங்கின ஒரு சின்ன பாட்டிலும் உள்ள இருந்த துண்டுக் காகிதமும்தான். அதுல பென்சில்ல ரெண்டு வரி. டைட்டானிக்ல இருந்து, எல்லாருக்கும் குட்பை, க்ளான்மயர் பர்க், கார்க். அவ்ளோதான்.

விவசாயம் இருந்துச்சுல்ல, அப்புறம் எதுக்கு அமெரிக்கா?

நிலம் இருந்தா மட்டும் போதுமா, அது யாருக்குப் போகும்ங்கறதுதானே விஷயம். அந்தக் காலத்து அயர்லாந்துல நிலத்த எல்லாருக்கும் பங்கு போடுற வழக்கம் போயிருச்சு, 1840கள்ல உருளைக்கிழங்கு அழுகி வந்த பெரிய பஞ்சத்துக்கு அப்புறம் துண்டு துண்டா பிரிச்சா ஒருத்தரும் சாப்பிட முடியாதுன்னு பட்டு ஒரே பிள்ளைக்கு எழுதி வைக்க ஆரம்பிச்சாங்க, மிச்சப் பிள்ளைங்களுக்கு சாமியார் மடம், போலீஸ் வேலை, இல்லன்னா கப்பல். பெரும்பாலும் கப்பல்தான். 1848ல இருந்து 1950 வரைக்கும் அயர்லாந்த விட்டுப் போனவங்க 60 லட்சம்னு கணக்கு, அதுல 25 லட்சம் பேர் இந்த ஒரே குயின்ஸ்டவுன் வழியா போனவங்க. 1892ல நியூயார்க்ல எல்லிஸ் தீவு திறந்தப்போ முதல் ஆளா உள்ள போன ஆனி மூர்ங்கற பொண்ணும் இங்க இருந்து போனவதான்.

ஜெரமையாவுக்கு அக்காமார் ரெண்டு பேர் முன்னாடியே அமெரிக்காவுல செட்டில் ஆயிட்டாங்க. முதல்ல ஒருத்தர் போவாங்க, வீட்டு வேலையோ ஃபாக்டரி வேலையோ பாத்து காசு சேத்து அடுத்தவருக்கு டிக்கெட் வாங்கி ஊருக்கு அனுப்புவாங்க, அவரு போய் அடுத்தவர இழுப்பாரு. ப்ரீபெய்ட் டிக்கெட்னே இதுக்குப் பேரு. கல்ஃபுக்கு ஆள் போன கதை தெரிஞ்சவங்களுக்கு இத விளக்க வேண்டியதே இல்ல.

தனியாவா போனான்?

இல்ல. நோரா ஹெகார்ட்டின்னு 18 வயசுக் கசின் பொண்ணு கூடப் போச்சு. இவன் கிளம்புறான்னதும் நானும் வர்றேன்னு சேந்துக்கிட்ட பொண்ணு. அதுவும் திரும்பல. பாட்டில் கதையச் சொல்ற நிறைய பேரு நோராவ ஒரு வரில தாண்டிப் போயிடுறாங்க, எனக்கு அது கொஞ்சம் உறுத்தும், ஏன்னா அதே ஊர்ப் பக்கம், அதே டிக்கெட், அதே கடல், அந்தப் பொண்ணுக்கு ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லங்கறதுதான் வித்தியாசம்.

டிக்கெட் எவ்ளோ?

ஏழு பவுண்டுக்குக் கொஞ்சம் கீழ. அன்னிக்கு ஒரு கூலி ஆளுக்கு அது பல வாரச் சம்பளம்.

ஊர்ல வழியனுப்புறப்போ ஒப்பாரி வைப்பாங்கன்னு சொல்றாங்களே, நெசமா?

நெசந்தான். அமெரிக்கன் வேக்னு சொல்லுவாங்க. வேக்னா அங்க இழவு வீட்டுல ராத்திரி முழுக்க பிணத்துக்குக் கூட உக்காந்திருக்கறது. போறவங்க உயிரோட நடுவுல உக்காந்திருக்க, சொந்தபந்தம், அக்கம்பக்கம் எல்லாம் வந்து விடிய விடிய குடிச்சு, ஆடி, பாடி, அழுது அனுப்பி வைக்கறது. திரும்பி வர்றது அபூர்வம், போன் கிடையாது, அம்மா அப்பா சாவுக்குக்கூட வர முடியாது, அதனால உயிரோட இருக்கறப்பவே அழுது முடிச்சிருவாங்க.

ஜெரமையா கிளம்பறப்போ அவங்க அம்மா (பேரு கேட்) கைல குடுத்தது ஒரு சின்ன பாட்டில், உள்ள தீர்த்தம், கோயில்ல மந்திரிச்ச தண்ணி. கத்தோலிக்கக் குடும்பங்கள்ல பயணம் போற பிள்ளைக்கு அத குடுத்து விடுறது சாதாரணமா நடக்கறது. இந்த பாட்டில ஞாபகத்துல வச்சுக்கங்க.

டைட்டானிக் குயின்ஸ்டவுன்ல கரைக்கே வரலையாமே?

வரல. கப்பல் ரொம்பப் பெருசு, துறைமுகத்து வாய்க்கு வெளிய ரோச்சஸ் பாயின்ட் பக்கம் நங்கூரம் போட்டு நின்னுச்சு, அங்க வரைக்கும் அயர்லாந்து, அமெரிக்கான்னு பேரு வச்ச ரெண்டு சின்ன கப்பல்ல ஆளையும் தபால் மூட்டையையும் ஏத்திக்கிட்டுப் போனாங்க. அந்தப் பேரு பொருத்தம் யாரு யோசிச்சு வச்சதோ. காலைல பதினொன்றரை வாக்குல வந்த கப்பல் மதியம் ஒன்றரைக்கு நங்கூரம் தூக்கிருச்சு. இங்க ஏறினவங்க மொத்தம் 123 பேர், அதுல 113 பேர் மூணாங்கிளாஸ்.

ஏறுறதுக்கு முன்னாடி டாக்டர் செக்கிங் உண்டு, முக்கியமா கண்ணப் பாப்பாங்க, ட்ராக்கோமான்னு கண்ணுல வர்ற தொத்து நோய் இருந்தா அமெரிக்காக்காரன் திருப்பி அனுப்பிருவான், திருப்பிக் கூட்டிட்டு வர்ற செலவு கப்பல் கம்பெனி தலைல விழும். அதனால கம்பெனியே உஷாரா இங்கயே பாத்து வடிகட்டிரும்.

இறங்கினவங்க ஏழு பேர். அதுல ஒருத்தர் ஃபிரான்சிஸ் பிரவுன், பாதிரியாருக்குப் படிச்சுக்கிட்டு இருந்தவரு, கேமராவும் கையுமா சுத்துறவரு. கப்பல்ல பழக்கமான ஒரு பணக்கார ஜோடி நியூயார்க் வரைக்கும் வாங்க, செலவு எங்களதுன்னு கூப்பிட, இவரு சபைல பெரியவர் கிட்ட பர்மிஷன் கேட்டு தந்தி அடிக்க, கப்பல விட்டு இறங்குன்னு ரத்தினச் சுருக்கமா பதில் வந்துச்சு. இறங்கினாரு, பொழைச்சாரு. இன்னிக்கு நாம பாக்கற டைட்டானிக் உள்புற போட்டோ நிறைய அவரு எடுத்ததுதான். இன்னொருத்தர் கணக்குலயே வராத ஆளு, கரி அள்ளிப் போடுற ஜான் காஃபின்னு ஒரு தொழிலாளி, குயின்ஸ்டவுன் அவருக்குச் சொந்த ஊரு, தபால் மூட்டைக்கு அடில ஒளிஞ்சு கமுக்கமா கரை ஏறிட்டாரு.

கப்பல் கிளம்புறப்போ ஆத்லோன் ஊர்க்காரரு யூஜின் டேலின்னு ஒரு மூணாங்கிளாஸ் பயணி பின்பக்க டெக்குல நின்னு அயர்லாந்து பேக்பைப்ல எரின்ஸ் லமென்ட்ங்கற சோகப் பாட்டு வாசிச்சாரு. அவரு பொழைச்சாரு. பைப் போச்சு.

மூணாங்கிளாஸ்னா எலி ஓடுற கூடத்துல ஆடு மாடு மாதிரி அடைச்சு வச்சிருந்தாங்களா?

இது பழைய பாய்மரக் கப்பல் கதையோட இதக் கலந்து பேசுறதால வர்றது. பஞ்ச காலத்துக் கப்பல்ல அப்படித்தான் போச்சு, அரிசி பருப்பு கூட நீயே கொண்டு வரணும்ங்கற நிலைமை. டைட்டானிக்ல அப்படி இல்ல. ரெண்டு பேர், நாலு பேர், ஆறு பேர் படுக்கற ரூமுங்க, கட்டில், மெத்தை, ரூமுக்கு வாஷ்பேசின், கரன்ட் லைட். ஊர்ல இவங்கள்ல நிறைய பேர் வீட்டுல கரன்ட்டே கிடையாது. சாயங்காலம் உக்காந்து பேச ஒரு ஹால், அதுல ஒரு பியானோ. ஆனா குளிக்கத் தொட்டி மூணாங்கிளாஸ் 700 பேருக்கும் சேத்து ரெண்டே ரெண்டு, ஆம்பளைக்கு ஒண்ணு பொம்பளைக்கு ஒண்ணு.

சாப்பாடு லிஸ்ட் ஒண்ணு தப்பிப் பொழைச்சிருக்கு, ஏப்ரல் 14 ஞாயித்துக்கிழமையோடது, அதாவது கடைசி நாளு. காலைல ஓட்ஸ் கஞ்சி, புகை போட்ட ஹெர்ரிங் மீன், தோலோட வெந்த உருளைக்கிழங்கு, முட்டை, பன்னிக்கறி, ரொட்டி வெண்ணெய், மார்மலேட், டீ காபி. மதியம் அரிசி சூப்பு, வறுத்த மாட்டுக்கறி கிரேவியோட, சோளம், உருளைக்கிழங்கு, பிளம் புட்டிங், பழம். சாயங்காலம் ஆறின கறி, சீஸ், ஊறுகாய், சோத்தோட வேகவச்ச அத்திப்பழம். ராத்திரி கஞ்சி, பிஸ்கட், சீஸ். ஜெரமையாவும் நோராவும் கடைசியாச் சாப்பிட்டது இதுலதான் ஏதோ ஒண்ணு. அந்த லிஸ்ட்டுக்கு அடில ஒரு குறிப்பு வேற, சாப்பாட்டுல குறை இருந்தா, மரியாதைக் குறைவா யாராவது நடந்தா உடனே சொல்லுங்கன்னு.

ஒரு விஷயம் மட்டும் கவனிங்க. கல்யாணம் ஆகாத ஆம்பளைங்களுக்கு ரூம் கப்பலோட முன்பக்கம், தனியா வர்ற பொம்பளைங்களுக்கும் குடும்பங்களுக்கும் பின்பக்கம். நடுவுல கப்பலோட பெரும்பாகம். ஆக ஜெரமையாவும் நோராவும் ஒண்ணா வந்தாலும் ராத்திரி தூங்கறப்போ இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் இருந்திருப்பாங்க.

அந்த ராத்திரி இவங்களுக்கு என்ன ஆச்சு?

ரெண்டு பேரையும் அன்னிக்கு ராத்திரி பாத்ததா நம்பற மாதிரி சாட்சி எதுவும் இல்ல, அதனால கடைசி நிமிஷம் இப்படித்தான் இருந்திருக்கும்னு கதை கட்டுறதுல எனக்கு இஷ்டம் இல்ல. பொதுவா நடந்தது இதுதான்.

ராத்திரி 11:40க்கு இடிச்சது. இடி வாங்கினது முன்பக்கத்து வலது ஓரம், அதாவது தனி ஆம்பளைங்க படுத்திருந்த இடத்துக்குப் பக்கத்துலயே. மேல ஃபர்ஸ்ட் கிளாஸ்ல ஒண்ணும் இல்ல, போய்ப் படுங்கன்னு சொல்லிக்கிட்டு இருந்தப்போ இவங்க ரூம் தரைல தண்ணி வந்துருச்சு. மூட்டை முடிச்சத் தூக்கிக்கிட்டு நிறைய பேரு கப்பல் நெடுக ஓடுற நீள காரிடார் வழியா பின்பக்கம் நடந்தாங்க, அங்க கூடிக் காத்துக்கிட்டு நின்னாங்க. ஜெபமாலை சொல்லிக்கிட்டு இருந்தவங்களப் பாத்ததா பொழைச்சவங்க சொல்லியிருக்காங்க.

படகு இருந்ததெல்லாம் மேல் டெக்குல, ஃபர்ஸ்ட் கிளாஸ் செகண்ட் கிளாஸ் ஏரியா. அங்க போற வழிய மூணாங்கிளாஸ்காரங்களுக்கு யாரும் முன்னாடி காட்டினதே இல்ல. ஜான் ஹார்ட்னு ஒரு ஸ்டூவர்டு பொம்பளைங்க குழந்தைங்கள ரெண்டு தடவை கூட்டமா மேல கூட்டிட்டுப் போனாரு. படகு மொத்தம் 20, இடம் 1178 பேருக்கு, கப்பல்ல இருந்தது 2200 பேருக்கு மேல. அன்னிக்கு இருந்த பிரிட்டிஷ் சட்டப்படி 16 படகே போதும், 10,000 டன்னுக்கு மேல எவ்ளோ பெரிய கப்பலா இருந்தாலும் அதே கணக்கு. டைட்டானிக் 46,000 டன். 2:20க்கு முழுசா போயிருச்சு. தண்ணியோட குளிரு மைனஸ் 2 டிகிரி. அதுல விழுந்த பெரும்பாலான பேருக்கு நீச்சல் தெரிஞ்சும் பிரயோஜனம் இல்ல.

கேட்டப் பூட்டி வச்சு சாகடிச்சாங்கன்னு சினிமால காட்டுறாங்களே?

பாதி உண்மை. கேட், தடுப்பு எல்லாம் இருந்துச்சு, காரணம் அமெரிக்கச் சட்டம், நோய் பரவும்னு மூணாங்கிளாஸ்காரங்கள மத்தவங்களோட கலக்க விடக் கூடாது. ஆனா தரைல இருந்து கூரை வரைக்கும் இரும்புக் கம்பி கேட்ட இழுத்துப் பூட்டி ஜனங்க உள்ள கதறுன மாதிரி காட்டுறது சினிமா. டானியல் பக்லின்னு ஒரு 21 வயசு பையன் அமெரிக்க செனட் விசாரணைல சொன்னது, மேல போற படிக்கட்டு உச்சில ஒரு சின்ன கேட், ஒரு மாலுமி நம்மாளு ஒருத்தர கீழ தள்ளி விட்டுட்டு அத பூட்டிட்டாரு, தள்ளப்பட்டவரு கோபத்துல பூட்ட உடைச்சுட்டாரு, எல்லாரும் மேல போயிட்டோம்னு. முதல்ல எங்கள கீழயே வச்சிருக்கப் பாத்தாங்கன்னும் சொன்னாரு.

லார்ட் மெர்சி தலைமைல லண்டன்ல நடந்த விசாரணை, மூணாங்கிளாஸ்காரங்க மேல பாகுபாடு காட்டலன்னு முடிச்சுது. அந்த விசாரணைல மூணாங்கிளாஸ் பயணி ஒருத்தரக்கூட சாட்சிக்குக் கூப்பிடல. கூப்பிடாமலே தீர்ப்பு சொன்னது எந்த ஊரு நியாயம்னு நீங்களே யோசிச்சுக்கங்க.

நம்பர் பாத்தா, மூணாங்கிளாஸ் ஆம்பளைங்க 462 பேர்ல பொழைச்சது 75. நோரா மாதிரி பொம்பளைங்க 165 பேர்ல 76. ஃபர்ஸ்ட் கிளாஸ் பொம்பளைங்கள்ல செத்தது வெறும் நாலு பேர். ஆனா யாரும் எதிர்பாக்காத ஒண்ணு, ஆம்பளைங்கள்ல ரொம்ப மோசமா அடிபட்டது மூணாங்கிளாஸ் இல்ல, செகண்ட் கிளாஸ், நூத்துல எட்டு பேருதான் தேறினாங்க.

கார்க் பக்கத்துல இருந்து போனவங்க யாருமே பொழைக்கலையா?

இப்ப சொன்ன டானியல் பக்லியே கார்க் மாவட்டம்தான், கிங்வில்லியம்ஸ்டவுன்னு ஊரு, அதே குயின்ஸ்டவுன்ல ஏறினவரு. படகுல மத்த ஆம்பளைங்களோட குதிச்சிருக்காரு, ஆபீசருங்க வந்து எல்லாரையும் இறக்கி விட்டப்போ இவரு அழுதிருக்காரு, ஒரு பொம்பளை தன்னோட சால்வையத் தூக்கி இவரு தலைல போட்டு பேசாம இருன்னிருக்காங்க. இத அவரே செனட் முன்னாடி மறைக்காமச் சொன்னாரு. அதுக்காக காலத்துக்கும் கேலி பேசினாங்க. பேசினவன்ல எத்தனை பேரு அந்த படகுல இருந்து இறங்கியிருப்பான்? பக்லி அப்புறம் அமெரிக்கப் பட்டாளத்துல சேந்து 1918 அக்டோபர்ல பிரான்ஸ்ல குண்டடி பட்டு செத்தாரு, போர் முடிய ஒரு மாசம்கூட இல்ல.

கார்க்குக்கு வெளிய, மாயோ மாவட்டத்துல அடர்கூல்னு ஒரு சர்ச் வட்டாரம், அங்க இருந்து 14 பேர் ஒண்ணா கிளம்பி 11 பேர் செத்தாங்க. இன்னமும் வருஷா வருஷம் ஏப்ரல் 15 விடியக்காலைல கப்பல் மூழ்கின நேரத்துக்கு அங்க லாஹர்டேன் கோயில் மணி அடிக்கிறாங்க.

ஜெரமையா உடம்பு கிடைச்சுதா?

இல்ல, நோராவோடதும் இல்ல. கனடாவுல ஹாலிஃபாக்ஸ்ல இருந்து போன மெக்கே பென்னட்ங்கற கப்பல் 306 உடம்ப எடுத்துச்சு, அதுல 116அ கடல்லயே அடக்கம் பண்ணிட்டாங்க. அடையாளம் தெரிஞ்ச லிஸ்ட்டுல இவங்க ரெண்டு பேரும் இல்ல.

பாட்டில் எப்படிக் கிடைச்சுது?

கப்பல் மூழ்கி ஒரு வருஷத்துக்கு மேல ஆனப்புறம், 1913 கோடைல, டங்கெட்டில்ங்கற இடத்துல குதிரை வண்டிக்காரர் ஒருத்தர் கரையோரமா அத பாத்தாரு. டங்கெட்டில் எங்கன்னா, ஜெரமையா வீட்டுல இருந்து சில மைல்தான், க்ளான்மயர் ஆறு வந்து சேர்ற முகத்துவாரம். உள்ள இருந்த காகிதத்துல பேரப் பாத்துட்டு போலீஸ்ல குடுக்க, போலீஸ் வீட்டுக்குக் கொண்டு வந்துச்சு. அம்மா பாத்ததும் ரெண்டும் தெரிஞ்சிருச்சு. கையெழுத்து மகனோடது, பாட்டில் தான் குடுத்த தீர்த்த பாட்டில். வாய ஷூ லேஸால கட்டியிருந்துச்சுன்னும் குடும்பத்துல சொல்லுவாங்க. அந்த அம்மா அதுக்கப்புறம் ரொம்ப நாள் இருக்கல.

குடும்பம் அந்தக் காகிதத்த கிட்டத்தட்ட நூறு வருஷம் வீட்டுலயே வச்சிருந்து, 2011ல கோவ் (குயின்ஸ்டவுனோட இப்பத்திய பேரு) ஹெரிட்டேஜ் சென்டருக்குக் குடுத்துட்டாங்க.

இது நெசமான காகிதமா, இல்ல எவனாவது விளையாடினானா?

சந்தேகம் நியாயமானது. 1912லயே டைட்டானிக் பேருல பொய்க் கடுதாசி எழுதி பாட்டில்ல போட்ட கிறுக்கனுங்க இருந்தாங்க. ஆனா இது அந்த ரகம் இல்லன்னுதான் எனக்குப் படுது. ஏமாத்தணும்னு எழுதறவன் கப்பல் சாயுது, பேண்டு வாசிக்குது, அம்மாகிட்ட சொல்லுங்கன்னு ஒரு பக்கத்துக்கு வசனம் எழுதுவான், இதுல அப்படி ஒண்ணும் இல்ல. அதோட பெத்தவ கையெழுத்தையும் பாட்டிலையும் அடையாளம் சொல்லியிருக்கா. குடும்பமும் நூறு வருஷம் அத விக்கல. டைட்டானிக் சாமான் ஏலத்துல என்ன விலை போகுதுன்னு தெரிஞ்சவங்களுக்கு அதுல இருக்கற கனம் புரியும்.

அப்போ மூழ்கற நேரத்துல எழுதினதா?

இங்கதான் உண்மையான சண்டையே. காகிதத்துல ஒரு தேதி இருக்கு, ஏப்ரல் 13னு பெரும்பாலும் படிக்கிறாங்க, எழுத்து மங்கியிருக்கறதால 10ன்றவங்களும் 12ன்றவங்களும் இருக்காங்க. 10னா அவன் இன்னும் கப்பல்லயே ஏறல. 12, 13னா கப்பல் நல்லா போய்க்கிட்டு இருக்கு. எப்படிப் படிச்சாலும் இடிச்ச ராத்திரி இல்ல.

சந்தேகப்படுறவங்க வாதம் இது: பத்தொம்பது வயசுப் பையன், முதல் கப்பல் பயணம், பெரிய கப்பல்ல போறோம்ங்கற குஷி, ரெண்டு வரி எழுதி ஜாலியா கடல்ல எறிஞ்சிருப்பான், அன்னிக்கு கப்பல்ல போறவங்க பலரும் செஞ்சதுதான். எல்லாருக்கும் குட்பைங்கறது ஊர விட்டுப் போறவன் சொல்ற வார்த்தைதானே, சாகப் போறவன் மட்டுமா சொல்லுவான்?

குடும்பத்துக்காரங்க பதில் வேற மாதிரி, அதையும் லேசுல தள்ளிட முடியாது. அது சும்மா சோடா பாட்டில் இல்ல, அம்மா கைல குடுத்த தீர்த்தம். அந்தக் கால கார்க் கத்தோலிக்கப் பையன் அந்தத் தண்ணியக் கீழ ஊத்திட்டு பாட்டில விளையாட்டுக்குக் கடல்ல எறியவே மாட்டான், எறிஞ்சான்னா வேற வழியே இல்லாத நேரமாத்தான் இருக்கணும். ஷூ லேஸையும் அதுக்குத்தான் சொல்றாங்க, பொழுதுபோக்கா செய்றவன் கால்ல இருக்கற லேஸக் கழட்டிக்கிட்டு இருப்பானா?

ரொம்ப நாளா ரெண்டையும் வச்சு யோசிச்சதுல நான் முதல் பக்கம்தான் சாய்றேன். தேதி எழுதணும், ஊர் பேரு எழுதணும்னு நிதானம் இருக்கற ஒரு ஆளு கப்பல் முழுகுதுங்கற விஷயத்த மட்டும் எழுதாம விடுவானாங்கற கேள்விக்கு எனக்கு இன்னும் சரியான பதில் கிடைக்கல. ஆனா தீர்த்த பாட்டில் விஷயம் என்னையும் கொஞ்சம் ஆட்டுது, ஒத்துக்கணும்.

இரண்டாயிரம் மைல் தாண்டி சொந்த ஊரு வாசல்லயே வந்து ஒதுங்குமா?

அட்லான்டிக்ல நீரோட்டம் மேற்குல இருந்து வடகிழக்கா அயர்லாந்து, பிரிட்டன் பக்கம்தான் ஓடுது, அமெரிக்கப் பக்கம் போட்ட பாட்டில் ஐரோப்பாவுல ஒதுங்கறது புதுசு இல்ல, ஒரு வருஷத்துச் சொச்சம்ங்கற காலமும் ஒத்துப் போகுது. இடிக்கறது கடைசி பத்து மைல். கார்க் துறைமுகத்துக்கு வாய் குறுகலு, உள்ள தீவும் திருப்பமுமா கிடக்கும், டங்கெட்டில் அதுக்கெல்லாம் உள்ளுக்குள்ள. நடுக்கடல்ல இருந்து வந்த பாட்டில் அவ்ளோ வளைஞ்சு நெளிஞ்சு உள்ள வரணும்னா அதிர்ஷ்டம் வேணும். அதனால துறைமுகத்த விட்டுக் கிளம்பறப்பவே, கரை கண்ணுக்குத் தெரியறப்பவே போட்டிருப்பான்னு சிலர் சொல்றாங்க, அப்படின்னா 13ங்கற தேதி இடிக்குது. நம்பறவங்க இத அற்புதம்னு சொல்லுவாங்க, அவங்களோட நான் மல்லுக்கு நிக்கல.

வேற பயணி எழுதின பாட்டில் கிடைச்சிருக்கா?

2017ல கனடாவுல நியூ பிரன்ஸ்விக் கடற்கரைல ஒண்ணு கிடைச்சுது. மத்தில்ட் லெஃபெவ்ர், பிரெஞ்சுப் பொண்ணு, 12 வயசு, அம்மாவோடயும் கூடப் பொறந்த மூணு பேரோடயும் அமெரிக்காவுல சுரங்க வேலை பாத்த அப்பாகிட்ட போய்ச் சேரக் கிளம்பினது. ஒருத்தரும் பொழைக்கல. ஏப்ரல் 13 தேதி போட்ட காகிதம். கியூபெக் பல்கலைக்கழகத்துக்காரங்க பாட்டில், அத அடைச்ச தக்கை, காகிதம் எல்லாம் சோதிச்சு அந்தக் காலத்தோட ஒத்துப் போகுதுன்னாங்க, ஆனா அன்னிக்கு பிரான்ஸ் ஸ்கூல்ல சொல்லித்தந்த கையெழுத்து மாதிரி இல்லன்னு சந்தேகம் அப்படியே நிக்குது. இதவிட என்னக் கடுப்பேத்தினது, குடும்பத்தையே பறிகொடுத்த அந்த அப்பாவ, வந்தப்போ பொய் சொல்லி நுழைஞ்சாருன்னு அமெரிக்கா நாடு கடத்திருச்சு.

குடும்பங்களுக்கு நஷ்டஈடு கிடைச்சுதா?

கேட்டது மொத்தம் ஒரு கோடியே 60 லட்சம் டாலர் வாக்குல. கம்பெனி அமெரிக்கக் கோர்ட்டுல பழைய சட்டத்தக் காட்டி, கப்பல்ல மிஞ்சின சொத்து மதிப்புக்கு மேல நாங்க பொறுப்பில்லன்னுச்சு. மிஞ்சினது மீட்பு படகுங்கதான், கட்டணக் காசெல்லாம் சேத்தும் ஒரு லட்சம் டாலர் தேறல. கடைசில 1916ல எல்லாருக்கும் சேத்து 6,64,000 டாலருக்கு சமாதானமாப் போச்சு.

நம்ம பக்கத்துக்கும் டைட்டானிக்குக்கும் சம்பந்தம் ஏதும் உண்டா?

ஜெரமையா கதைக்கு இல்ல. கப்பலுக்கு உண்டு. ரூத் பெக்கர்னு 12 வயசுப் பொண்ணு, பொறந்ததே குண்டூர்ல, அப்போ அது மெட்ராஸ் மாகாணம். அப்பா அங்க மிஷனரி. தம்பிக்கு உடம்பு சரியில்லன்னு அம்மா பிள்ளைங்கள அமெரிக்கா கூட்டிட்டுப் போனாங்க. செகண்ட் கிளாஸ், ரூத் ஒரு படகு, மத்தவங்க வேற படகுன்னு ஏறி எல்லாரும் பொழைச்சாங்க.

காகிதத்தப் போய்ப் பாக்க முடியுமா?

குயின்ஸ்டவுனுக்கு இப்ப பேரு கோவ். கார்க்ல கென்ட் ஸ்டேஷன்ல இருந்து லோக்கல் ட்ரெயின், அரை மணி நேரத்துக்குள்ள போயிரலாம், டங்கெட்டில் பக்கமாத்தான் தண்டவாளமே போகுது. போறவங்க ஒண்ணு மட்டும் கவனிங்க, ஊர்ல ரெண்டு இடம் இருக்கு. டைட்டானிக்கோட கம்பெனி வைட் ஸ்டார் லைனோட பழைய ஆபீஸ்ல இருக்கறது டைட்டானிக் எக்ஸ்பீரியன்ஸ், அது தனி, டிக்கெட் தனி. பர்க் குடும்பம் காகிதத்தக் குடுத்தது ஸ்டேஷன் கட்டடத்துலயே இருக்கற ஹெரிட்டேஜ் சென்டருக்கு. பழைய சாமான்கள அப்பப்போ உள்ள எடுத்து வைப்பாங்க, அதனால கிளம்பறதுக்கு முன்னாடி ஒரு மெயில் போட்டு வெளிய வச்சிருக்காங்களான்னு கேட்டுக்கங்க.